திரும்பக் கூப்பிடும் பகுதி

என் மனைவியின் தம்பி சிவசுப்பிரமணியம் காலமாகி, முப்பத்தோராம் நாள் அந்தியேட்டியன்று அவன் பேரில் கல்வெட்டு அச்சடித்துப் பந்தியிலே கொடுத்தார்கள். செத்தவருடைய சரித்திரத்தைச் சிறு புத்தகமாகப் போட்டால் எங்கள் பக்கத்தில் அதற்கு அந்தப் பெயர். மட்டையில் அவனுடைய படம்: கோட்டு, கழுத்துப்பட்டி, கையைப் பின்னால் கட்டிக்கொண்டு நிற்கிறான். உள்ளே பண்டிதர் பாடிய வெண்பாக்கள். அவை எனக்கு விளங்கவில்லை. கடைசிப் பக்கத்தில் வசனமாக எழுதியது விளங்கியது. கோபம் வந்ததும் அதனால்தான்.

“அன்னார் யாழ்ப்பாணம் நாகலிங்கம் சகலசாமான் மாளிகையின் பிரதம மனேச்சராய் விளங்கி, கொள்கை காரணமாய் அப்பதவியைத் தாமே துறந்தார்.”

செத்தவனைப் பற்றி நாலு பொய் சொல்வது வழக்கம்தான். நான் குறை சொல்லவில்லை. ஆனால் அவன் பதவியைத் துறந்த அன்று நான் அந்தக் கடைப் படியில் நின்றவன். கொள்கை ஒன்றையும் அங்கே காணவில்லை. சப்பாத்தைத்தான் கண்டேன்.

சிவசுப்பிரமணியம் நெல்லியடிப் பக்கத்தவன். இங்கிலீசு படித்தான். படித்தவுடன் மற்றவர்களைப்போல மலாயாவுக்குப் போகாமல் கொழும்புக்குப் போய், கோட்டையிலே வெள்ளைக்காரருடைய பெரிய கடை ஒன்றில் சேர்ந்தான். அந்தக் கடையிலே தொப்பிக்கு ஒரு பகுதி, தேத்தண்ணிக் கோப்பைக்கு ஒரு பகுதி, குதிரைச் சேணத்துக்கு ஒரு பகுதி என்று எல்லாம் பிரித்து வைத்திருப்பார்களாம். இவனுக்குக் கிடைத்தது கையுறைப் பகுதி. சித்திரை வருடப்பிறப்புக்குச் சுன்னாகத்தில் எங்கள் வீட்டுக்கு வந்தபோது நான் கேட்டேன்.

“என்னடா சிவசுப்பு, கொழும்பு வெக்கையிலை ஆர் கையுறை வாங்கிறது?”

“ஒருதரும் வாங்கிறேல்லை அத்தான். அதுதான் கடையிலேயே மரியாதையான பகுதி. சனம் வந்து இடிபடாது.”

“அப்ப நீ அங்கை என்ன செய்யிறனீ?”

“நிப்பன்.”

“நிண்டு?”

“நிண்டால் காணும், வேறை ஒண்டும் வேண்டாம். நிக்கிறதுக்கு ஒரு விதம் இருக்குது.”

எழும்பி வந்து கோழிக்கூட்டுக்குப் பக்கத்தில் நின்று காட்டினான். நெஞ்சு முன்னுக்கு, கை பின்னுக்கு, கண் ஒன்றையும் பார்க்காமல் எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டு. என் மனைவி இரத்தினம்மா அடுப்படியிலிருந்து வந்து பார்த்து அழுதாள். அவளுக்குப் பெருமை. எனக்கு, அந்த நேரம் பார்த்துக் கிணற்றடி வெங்காயத்துக்குத் தண்ணீர் மாற ஆள் வேண்டியிருந்தது.

அப்படி நின்றதால்தான் அவனுக்கு வாழ்வு வந்தது. நாகலிங்கம் முதலாளி யாழ்ப்பாணத்துச் சுருட்டைத் தெற்கே விற்றுப் பணம் கண்டவர். ஒருநாள் மழைக்கு அந்தக் கோட்டைக் கடைக்குள்ளே ஒதுங்கினார். அங்கே வெள்ளைக்காரர்கள் அட்டையில் எழுதிய விலையை அப்படியே கொடுத்துவிட்டு, கொடுத்ததற்குத் தாங்களே நன்றியும் சொல்லிப் போவதைக் கண்டார். ஒரு சுருட்டுக் கட்டை விற்க அவர் எத்தனை கதை கதைத்திருப்பார்! அந்த நேரம் கையுறைப் பகுதியில் சிவசுப்பிரமணியம் நிற்பதைக் கண்டு கும்பிட்டிருக்கிறார். பிறகு எனக்கு அவரே சொன்னார்:

“ஒரு மனிசன் ஒண்டும் செய்யாமல் உவ்வளவு மரியாதையாய் நிக்கிறானெண்டால், அவன் பெரிய ஆளாய்த்தானே இருக்கவேணும்?”

அடுத்த தையிலே யாழ்ப்பாணத்தில் பெரிய கடை என்ற கடைத்தெருவில் அத்திவாரம் போட்டார்கள். முப்பத்தைந்தாம் ஆண்டு மாளிகை எழும்பியது. இரண்டு தட்டு. வாசலிலே ஆளுயரக் கண்ணாடி. திறப்பு விழாவுக்கு எங்களையும் முன் வாங்கில் இருத்தினார்கள். முதலாளி பேசினார்.

“சபையோரே, நான் இந்த மாளிகையை லாபத்துக்காகக் கட்டவில்லை. லாபம் எனக்குச் சுருட்டில் வருகிறது. இதை மரியாதைக்காகக் கட்டினேன். ஆகவே இங்கே ஒருவரும் விலை குறைத்துக் கேட்டு என்னை அவமானப்படுத்தக் கூடாது.”

கை தட்டினார்கள். பிறகு புதிய மனேச்சர் சிவசுப்பிரமணியம் எழும்பினான்.

“வாடிக்கைக்காரர் என்பவர் யார்? அவர் நம்மிடம் சாமான் வாங்க வருபவர் என்று சாதாரண கடைக்காரன் நினைக்கிறான். அது பிழை. அவர் ஒழுங்கு பழக வருபவர். சாமான் இரண்டாம் பட்சம். ஒழுங்கு பழகியபின், சாமான் வாங்காமல் போனாலும் எமக்குக் கவலையில்லை.”

அதற்கும் கை தட்டினார்கள். எனக்கு மட்டும் முதலாளியின் முகத்தில் ஏதோ ஓடியது போலப் பட்டது.

இறங்கி வரும்போது அவன் தன் புதுச் சப்பாத்தைக் காட்டினான். கயிறு இல்லாதது. காலை உள்ளே விட்டால் சரி.

“உதுக்கு என்னத்துக்கடா கயிறில்லை?” என்றேன்.

“குனிஞ்சு கயிறு கட்டிறது கிளாக்குமாரின்ரை வேலை, அத்தான். மனேச்சர் குனியப்படாது.”

நான் பிறகு ஒருமுறை லாம்பு வாங்கப் போனேன். லாம்பு கீழே விளக்குப் பகுதியில். சிமிலி கண்ணாடிப் பகுதியில், பீங்கான்களோடு. திரி துணியாம், அதனால் மேலே புடைவைப் பகுதியில். ஒரு பகுதித் தலைவர் மற்றப் பகுதித் தலைவரோடு நேரே கதைக்கக் கூடாதென்று மனேச்சரின் ஒழுங்கு. விளக்குப் பகுதியார் என்னை ஏணிப்படி வரைக்கும் கூட்டிவந்து, அங்கே வணக்கம் சொல்லி விட்டுவிட்டுப் போனார். மேலே போனால், “தாங்கள் எப்பகுதியிலிருந்து எழுந்தருளினீர்கள்?” என்று கேட்டார்கள். சுன்னாகம் என்றேன். அப்படி ஒரு பகுதி இந்த மாளிகையில் இல்லை என்றார்கள். மண்ணெண்ணெய் எங்கேயென்று கேட்டேன். அது நாற்றம், வைப்பதில்லை என்றார்கள்.

இதெல்லாம் பரவாயில்லை. விலையில்தான் மாளிகை விழுந்தது.

எங்கள் ஆட்கள் சாமான் வாங்கும் முறையைச் சொன்னால்தான் மிச்சம் விளங்கும். கடைக்காரன் ஒரு விலை சொல்லுவான். நாங்கள் அதிலே பாதி கேட்போம். அவன், “உங்கடை விருப்பம்” என்று சொல்லிச் சேலையை மடிப்பான். நாங்கள் எழும்பிச் சால்வையை உதறித் தோளில் போட்டுக்கொண்டு வெளியே நடப்போம். நடை மெதுவாக இருக்கவேண்டும். வாசலில் குடையைத் தேடவேண்டும். செருப்பிருந்தால் காலால் துழாவவேண்டும். வானத்தைப் பார்த்து மழை வருமோ என்று யோசிக்கவேண்டும். இதற்கிடையில் கடைக்காரன், “அண்ணை, இஞ்சை வாங்கோ, கோவியாதையுங்கோ” என்று கூப்பிடுவான். திரும்பினால் வியாபாரம் முடிந்த மாதிரி. ஆனால் கூப்பிடவேண்டும். கூப்பிடாத கடைக்குள் தானாகத் திரும்பிப் போகிறவன் மனிதனில்லை. அவனுடைய வீட்டுக்குத் தண்ணீர்கூடக் குடிக்கப் போகமாட்டார்கள்.

மாளிகையிலே ஒரே விலை. அட்டையில் எழுதி ஊசியால் குத்தியிருந்தது. குடாநாடு முழுவதும் வந்தது. துணியைப் பிசைந்து பார்த்தது. பாதி விலை கேட்டது. வெளியே நடந்தது. குடையைத் தேடியது. ஒருவரும் கூப்பிடவில்லை. குடையைக் கண்டுபிடித்துவிட்டு வீட்டுக்குப் போனது. “நாகலிங்கத்தின்ரை கடையிலை மனிசரைக் கூப்பிடத் தெரியாது” என்று ஊரெல்லாம் பேச்சு. விலையைப் பற்றி ஒருவரும் குறை சொல்லவில்லை. கூப்பிடவில்லை என்பதுதான் குறை.

முதலாளிக்குச் சுருட்டுப் புகையோடு வேறு புகையும் வரத் தொடங்கியது. சிவசுப்பிரமணியம் கந்தோர்க் கதவைச் சாத்திக்கொண்டு யோசித்தான். யோசித்து முடித்தபின் ஒரு ஞாயிற்றுக்கிழமை எங்கள் வீட்டுக்குச் சாப்பிட வந்தான். முகம் பளபளவென்றிருந்தது.

“அத்தான், புதுப் பகுதி ஒண்டு திறக்கிறன். கொழும்பிலையும் இல்லை. லண்டனிலையும் இல்லை.”

“என்ன பகுதி?”

“திரும்பக் கூப்பிடும் பகுதி.”

அட்டையிலுள்ள விலையைக் கொஞ்சம் உயர்த்தி எழுதிவிடுவார்களாம். வாடிக்கைக்காரர் கோபித்துக்கொண்டு வெளியே போகலாம். அதற்கென்று இடதுபக்க வாசல். அங்கே முக்காலியில் ஒரு உத்தியோகத்தன் இருப்பான். கூப்பிடுவது அவன் வேலை. அதற்கு மரியரட்ணம் என்று கொழும்புத்துறை ஆள் ஒருவனை எடுத்தாயிற்று. கரையிலே நின்று நடுக்கடலில் நிற்கும் வள்ளத்தைக் கூப்பிட்டுப் பழகிய தொண்டை. பரீட்சைக்கு ஒருதரம் கூப்பிடச் சொன்னபோது, தெருமுனை தாண்டிப் போன வண்டிற்காரன் மாட்டைத் திருப்பிக்கொண்டு வந்து “என்ன?” என்று கேட்டானாம்.

“இது நல்ல விசயம்தானே,” என்றேன். உண்மையாகத்தான் சொன்னேன்.

“பொறுங்கோ. அவன் நினைச்சவுடனை கூப்பிடேலாது. அப்பிடிவிட்டால் சந்தைக்கடைக்கும் எங்களுக்கும் என்ன வித்தியாசம்? மேலை என்ரை கந்தோர் யன்னலிலை ஒரு பித்தளை மணி கட்டியிருக்கிறன். போறவரை யன்னலாலை நான் பாப்பன். அவரின்ரை நடை, குடை, தகுதி எல்லாம் பாத்து, மணி அடிப்பன். மணி கேட்டால்தான் கூப்பிடலாம். மணியிலை நான் தவிர ஒருதரும் கை வைக்கப்படாது. முதலாளியும்தான்.”

“அவர் ஒத்துக்கொண்டவரே?”

“ஒழுங்கெண்டால் ஒழுங்குதானே எண்டு சிரிச்சவர்.”

நாகலிங்கம் சிரித்தார் என்றால் நான் யோசித்திருப்பேன். இவன் யோசிக்கவில்லை. சோற்றைப் பிசைந்துகொண்டு இன்னொன்றும் சொன்னான்.

“ஒரு விசயம் அக்கா, அத்தான். சொந்தக்காரருக்கு மணியைக் கடைசியாய்த்தான் அடிப்பன். நீதியெண்டால் அப்பிடித்தான் இருக்கவேணும்.”

“கடைசியாய் அடி மோனை,” என்றாள் இரத்தினம்மா, இன்னொரு கரண்டி குழம்பை விட்டுக்கொண்டு. அந்தக் கரண்டிக் குழம்பை அவள் பிறகு எத்தனையோ தரம் நினைத்து நொந்தாள்.

பகுதி தொடங்கியது. முதலில் சனம் சந்தோசப்பட்டது. கூப்பிட ஆள் வைத்திருக்கிறான் என்று. பிறகு தாமதம் தொடங்கியது. மனேச்சர் சாப்பிடப் போனால் மணி இல்லை. மனேச்சர் பகுதித் தலைவர்களின் நகம் பார்க்கப் போனால் மணி இல்லை. போனவர்கள் போகவும் முடியாமல், திரும்பவும் முடியாமல் இடதுபக்கப் படியிலே நின்றார்கள். நின்றவர்களும் சும்மா நிற்க முடியாது; போகிற மாதிரி நிற்கவேண்டும். அதைக் கண்டு ஒருவன் படியடியில் சர்பத்து வண்டில் போட்டான். நல்ல வியாபாரம். அந்தப் பெருவாசலில் பேரம் இல்லாமல் விலைப்பட்ட ஒரே சாமான் அந்தச் சர்பத்துத்தான். நிற்பவர்களுக்கு ஒரு வாங்கு போடலாமோ என்று செபநாயகம் என்ற புடைவைப் பகுதித் தலைவர் மனேச்சரைக் கேட்டிருக்கிறார். “வாங்கிலை இருந்தால் அவர் வெளிக்கிட்டதாய் அர்த்தமில்லை” என்று மறுத்துவிட்டான்.

இனி என்னுடைய காரியத்துக்கு வருகிறேன்.

எங்கள் மூத்தவன் முருகேசுவுக்குச் சாவகச்சேரியில் பெண் பேசி முடித்தோம். பெண் கமலாவதி. கூறைச்சேலை எடுப்பது மாப்பிள்ளை வீட்டார் கடமை. அந்தப் பிள்ளை தாயோடு பெரிய கடைக்கு வந்தபோது மாளிகையின் கண்ணாடி அலுமாரிக்குள் அரக்கு நிறத்தில் சரிகைக் கூறை ஒன்றைக் கண்டு, தாய் கையைப் பிடித்து இழுக்கும் மட்டும் அசையாமல் நின்றதாம். தரகர் வந்து இதை ஒரு கதை போலச் சொல்லிவிட்டுப் போனார். கதையில்லை என்று எங்களுக்குத் தெரியும். அந்தச் சேலை போகவேண்டும். வேறு சேலை போனால் சாவகச்சேரியார் வாயால் ஒன்றும் சொல்லமாட்டார்கள். பேரப்பிள்ளை பிறந்து காது குத்தும் மட்டும் முகத்தால் சொல்லிக்கொண்டிருப்பார்கள். அப்படி ஒரு சேலைதான் கடையில் இருந்தது.

சாத்திரியார் நாள் பார்த்தார். வெள்ளிக்கிழமை காலை, இராகுகாலம் பிறக்க முன் சேலை கையில் வந்துவிடவேண்டும். தப்பினால் கலியாணம் வரைக்கும் கூறை எடுக்க நல்ல நேரம் இல்லை என்று முடிவாகச் சொல்லிவிட்டார்.

வெள்ளிக்கிழமை காலை சுன்னாகம் ஸ்டேசனில் கோச்சி ஏறிப் போனோம். செபநாயகம் கூறையை எடுத்து விரித்தார். கையில் பிடித்தால் பாம்புக்குட்டிபோல வழுக்கியது. விலை கேட்டேன். சொன்னார். நான் பாதி கேட்டேன்.

“ஐயா, தங்களுடைய கோரிக்கையை இப்பகுதி மிகுந்த மரியாதையோடு நிராகரிக்கிறது,” என்றார் செபநாயகம்.

“உங்கடை விருப்பமெண்டு சொல்லுமன், மனிசன்,” என்றேன்.

“அது சந்தைப் பாஷை ஐயா. எங்களுக்கு விலக்கு.”

சொன்ன விலையைக் கொடுத்திருக்கலாமே என்று இந்தக் காலத்துப் பிள்ளைகள் கேட்கிறார்கள். கொடுத்திருந்தால் மத்தியானக் கோச்சிக்கு முன் அந்தக் கதை சுன்னாகச் சந்தைக்குப் போயிருக்கும். ஏரம்பு, நான், கேட்ட காசை அப்படியே கொடுத்தேன் என்றால், அடுத்த நாள் என் வெங்காயத்தை யார் மதித்து விலை கேட்பான்? எழும்பினேன். சால்வையை உதறினேன். இரத்தினம்மாவும் எழும்பினாள்.

“இஞ்சாருங்கோ, மெல்ல நடவுங்கோ,” என்றாள் காதுக்குள்.

“எனக்குப் பழக்கிறியே?”

இடதுபக்க வாசலால் வெளியே வந்தோம். மரியரட்ணம் முக்காலியில் இருந்தான். படியிலே ஏற்கெனவே ஒரு கூட்டம். நெல்லியடி வாத்தியார் ஒருவர் வானத்தைப் பார்த்துக்கொண்டு நின்றார்; மேகம் ஒன்றும் இல்லை. ஒரு கிழவர் மடக்கின குடையை விரித்து, விரித்த குடையை மடக்கிக்கொண்டிருந்தார். ஒரு மனுசி தன் கொட்டைப் பெட்டிக்குள் இல்லாத ஒன்றைத் தேடிக்கொண்டிருந்தாள். நானும் குடையைத் தேடத் தொடங்கினேன். கையிலேதான் இருந்தது.

“அண்ணை,” என்றான் மரியரட்ணம், வாயைத் திறக்காமல். “இன்னும் மெல்லப் போங்கோ. மணி அடிக்கேல்லை.”

“நான் நிண்டுகொண்டல்லே இருக்கிறன்.”

“அதுக்கும் மெல்லமாய் நில்லுங்கோ.”

“மனேச்சர் மேலை இல்லையே?”

“இருக்கிறார். முதலாளியோடை கதைக்கிறார். விடியத் தொடங்கின கதை.”

மேலே யன்னல் திறந்திருந்தது. மணி தொங்கிற்று. ஆடவில்லை. உள்ளே, மாளிகையின் பெரிய மணிக்கூடு டக்கு டக்கென்று போய்க்கொண்டிருந்தது. இராகு வேறு வந்துகொண்டிருந்தார். அவருக்கு மணி தேவையில்லை.

“மரியரட்ணம், உங்கடை வாயாலை ஒருக்காக் கூப்பிடுங்கோவன், ராசா,” என்றாள் இரத்தினம்மா. “என்ரை பிள்ளையின்ரை கலியாணக் கூறை.”

“கூப்பிட்டால் வேலை போயிடும், அக்கா. எனக்கென்ன, மனமில்லையே? நேற்று ஒரு கிழவிக்காகத் தும்மினதுக்கே மனேச்சர் ஐயா விளக்கம் கேட்டவர்.”

“அப்ப நாங்களாய்ப் போவம்,” என்று என்னைப் பார்த்தாள். பார்த்த உடனேயே தான் சொன்னது எப்படிப்பட்ட சொல் என்று அவளுக்கு விளங்கிவிட்டது. வாத்தியார்கூட வானத்தை விட்டு எங்களைப் பார்த்தார். போய்த்தான் ஆகவேண்டுமோ என்று எனக்குள்ளும் ஒன்று கேட்டது. முருகேசுவின் முகம் கண்ணுக்கு முன் வந்தது. காலைத் தூக்கவும் பார்த்தேன். அது எழும்பவில்லை.

அப்போதுதான் மேலேயிருந்து குரல் கேட்டது. சிவசுப்பிரமணியத்தின் குரல்.

“முதலாளி, கடைசியாய்ச் சொல்லுறன். வெளியிலை பெயர்ப் போட்டிலை ‘நாகலிங்கம் சகலசாமான் மாளிகை’ எண்டு இருக்கிறதை ‘நாகலிங்கம், சிவசுப்பிரமணியம்’ எண்டு மாற்றவேணும். என்னைப் பங்காளி ஆக்கவேணும். இந்த மாளிகையின்ரை ஒழுங்கு முழுக்க என்ரை தலைக்குள்ளை இருக்குது.”

“உம்மடை தலையையும் போட்டிலை போடச் சொல்லுறீரோ?” இது முதலாளி.

“பகிடி விடாதையுங்கோ. பங்கில்லையெண்டால் நான் ராசினாமா.”

நெருப்புக்குச்சி உரசும் சத்தம் கேட்டது. சுருட்டு மணந்தது. பிறகு முதலாளி அவசரமில்லாமல் ஆறுதலாகச் சொன்னார்:

“உங்கடை விருப்பம்.”

படியிலே நின்ற அத்தனை பேரும் நிமிர்ந்தோம். அது எங்களுக்குத் தெரிந்த சொல்.

மேல் தட்டின் மரப்படியில் சப்பாத்துச் சத்தம் தொடங்கியது. ஒரு படி. நின்றது. இன்னொரு படி. நின்றது. பாதியில் ஏதோ மறந்ததுபோலத் திரும்பும் சத்தம். மறக்கவில்லைப்போல மறுபடியும் இறங்கும் சத்தம்.

“உது எங்கடை நடையல்லோ,” என்றார் குடைக் கிழவர்.

சிவசுப்பிரமணியம் கீழே வந்தான். கண்ணாடிக்கு முன் நின்று கழுத்துப்பட்டியைச் சரிசெய்தான். லேஞ்சியை எடுத்து முகம் துடைத்து, உதறி, மடித்து, பையில் வைத்தான். தொப்பியைத் தேடினான். தலையிலே இருந்தது. வலதுபக்க வாசலுக்குப் போகப் போனவன், தன் ஒழுங்கு தனக்கே ஞாபகம் வந்து, இடதுபக்கம் திரும்பி எங்களிடையே வந்து படியில் நின்றான். வானத்தைப் பார்த்தான். வாத்தியார் மரியாதைக்காகக் கொஞ்சம் ஒதுங்கி வானத்தில் இடம் விட்டார்.

ஒன்றும் நடக்கவில்லை. கழுத்தைத் திருப்பாமல் மரியரட்ணத்திடம் சொன்னான்:

“என்ன பாத்துக்கொண்டிருக்கிறாய்? கூப்பிடு.”

மரியரட்ணம் எழும்பி நின்றான். “மணி அடிக்கேல்லையே, ஐயா.”

“மணி அடிக்கிறது நானடா!”

“ஓம் ஐயா. அப்ப மேலை போய் ஒருக்கா அடிச்சுப்போட்டு வாங்கோவன்.”

“நான் ராசினாமாச் செய்திட்டன். எப்பிடி மேலை போறது? கூப்பிட்டால்தானே போகலாம்.”

“கூப்பிட மணி வேணுமே, ஐயா.”

இரண்டு பேரும் இதைக் கொஞ்சநேரம் யோசித்தார்கள். நாங்களும் யோசித்தோம். சர்பத்துக்காரன் ஒரு குவளையை நிரப்பிச் சிவசுப்பிரமணியத்திடம் நீட்டினான். அவன் வாங்கவில்லை. இரத்தினம்மா என் முழங்கையில் கிள்ளினாள்.

“பாவம், தம்பியைக் கூப்பிடுங்கோவன்.”

“நான் கடைக்காரனே?”

யன்னலில் நாகலிங்கம் முதலாளியின் தலை தெரிந்தது. வாயில் சுருட்டு. மணிக்குப் பக்கத்திலேதான் அவர் கை இருந்தது. மணியைத் தொடவில்லை.

“மரியரட்ணம், ஏன் உவ்வளவு சனம் படியிலை நிக்குது?”

“மணிக்கு நிக்கினம், முதலாளி.”

“மணி ஆர் அடிக்கிறது?”

“மனேச்சர் ஐயா.”

“அவர் எங்கை?”

“அவரும் மணிக்குத்தான் நிக்கிறார், முதலாளி.”

முதலாளி புகையை விட்டார். எங்களை ஒவ்வொருவராகப் பார்த்தார். மச்சானைப் பார்த்தபோது கண் அவனில் கொஞ்சம் தங்கியது. சேலையைப் பார்க்கும் கண் போல, இழையைப் பார்க்கும் கண் போல. பிறகு சொன்னார்:

“சாமான் வாங்க வந்த ஆக்கள் எல்லாரையும் கூப்பிடு.”

“மணி இல்லாமலோ?”

“உன்ரை வாய்க்குள்ளை என்ன, கொழுக்கட்டையே?”

மரியரட்ணம் நெஞ்சை நிரப்பினான். அத்தனை மாதமாய் அடக்கி வைத்திருந்தது முழுவதும் வெளியே வந்தது.

“சுன்னாகத்து அண்ணை! இஞ்சை வாங்கோ! கோவியாதையுங்கோ! வாத்தியார் ஐயா, வாங்கோ! குடைக்காரர்! ஆச்சி! எல்லாரும் உள்ளை வாங்கோ, பேசித் தீர்ப்பம்!”

பெரிய கடை முழுவதும் திரும்பிப் பார்த்தது. எதிர்ப்பக்கப் பாத்திரக் கடையிலே பேரம் பேசிக்கொண்டிருந்த இரண்டு பேரும் எழும்பி எங்களோடு உள்ளே வந்துவிட்டார்கள். அவசரப்படுவது அழகில்லை என்று நான் ஆறுதலாகத் திரும்பினேன். இரத்தினம்மா முதுகில் கையை வைத்துத் தள்ளினாள்.

செபநாயகம், “மீண்டும் எழுந்தருளிய தங்களை இப்பகுதி…” என்று தொடங்கினார். முதலாளியே கீழே இறங்கி வந்து அவரை ஒதுக்கிவிட்டுச் சேலையைக் கையில் எடுத்தார். அட்டையைப் பிடுங்கி எறிந்தார். பிறகு நானும் அவரும் கதைத்தோம். அவர் என்னை ஏமாற்றப் பார்த்தார், நான் அவரை ஏமாற்றப் பார்த்தேன். அந்த மாளிகை திறந்தபின் அங்கே நடந்த முதல் வியாபாரம் அதுதான் என்பேன். நடுவிலே ஓரிடத்தில் இரண்டு பேரும் நின்றோம். கடதாசியில் சுற்றி இரத்தினம்மாவின் கையில் கொடுத்த பிறகுதான் மணிக்கூடு இராகுவுக்கு அடித்தது.

சேலை கைக்கு வந்ததும் அவளுக்குத் தம்பியின் ஞாபகம் வந்தது.

“முதலாளி, என்ரை தம்பி வெளியிலை நிக்கிறான்.”

“ஓம் தங்கச்சி, கண்டனான். நல்லாய் நிக்கிறார். நான் முதன்முதல் கண்ட நாளும் உப்பிடித்தான் நிண்டவர்.”

“அப்ப அவனையும் கூப்பிடுங்கோவன்.”

“கூப்பிட்டால் விலை ஏறும், தங்கச்சி,” என்றார் முதலாளி.

நான் அவரிடத்தில் இருந்தால் நானும் அதைத்தான் சொல்லியிருப்பேன். மச்சான் என்ற படியால் வாயை மூடிக்கொண்டேன்.

வெளியே வந்தோம். படி வெறிச்சென்றிருந்தது. சர்பத்துக்காரன் வண்டிலை மூடிக்கொண்டிருந்தான். சிவசுப்பிரமணியம் மட்டும் அதே இடத்தில், நெஞ்சு முன்னுக்கு, கை பின்னுக்கு.

“அத்தான், முதலாளி என்னைப் பற்றி என்னவும் சொன்னவரோ?”

“நல்லாய் நிக்கிறாய் எண்டவர்.”

அவனுடைய முகம் மலர்ந்தது. “வேறை?”

“வேறை ஒண்டுமில்லை. வா, கோச்சிக்கு நேரமாச்சு.”

இரத்தினம்மா சேலைப் பொட்டலத்தை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு முன்னால் நடந்தாள், முகத்தைக் காட்டவில்லை. நான் அவனுடைய முழங்கையைப் பிடித்துக் கூட்டிக்கொண்டு போனேன். வந்தான். ஆனால் அந்த நடையைத்தான் நடந்தான். முருகேசுவின் கலியாணத்தைப் பற்றி ஏதோ கதைத்தேன். அவன் காது பின்னாலேயே இருந்தது. தெருத் திரும்பும் இடம் வந்தது. அதற்கு அப்பால் போனால் மாளிகை வாசல் தெரியாது. வாசலில் நிற்பவருக்கு எங்களையும் தெரியாது.

“ஒரு நிமிசம், அத்தான்,” என்றான்.

நடுத்தெருவில், வெயிலில், கோட்டோடு குனிந்தான். இரண்டு கையாலும் சப்பாத்துக் கயிற்றை இழுத்து, முடிந்து, அவிழ்த்து, ஆறுதலாக மறுபடியும் முடியத் தொடங்கினான்.

அந்தச் சப்பாத்துக்குக் கயிறு கிடையாது.